பவர் எழுதிக் கொடுத்தோம். நிலத்தையா எழுதிக் கொடுத்தோம்?

(அடமான நோட்டீஸ் வந்த விவசாயிகளுக்காக நடத்தப்பட்ட விளக்கக் கூட்டத்தில் சங்கச் செயலாளர் பேசியதன் எழுத்து வடிவம்)



அறுப்பு நேரத்தில் வேலையைப் போட்டுவிட்டு வந்திருக்கிறீர்கள். அதனால் சுற்றி வளைக்காமல் விஷயத்துக்கு வந்துவிடுகிறோம்.

நம்ம பகுதியில் ஒரு புது வியாதி பரவிக்கிட்டு வருது. கடன் வாங்காதவன் நிலம் ஏலத்துக்கு வருது. வாங்கினவன் யாரோ, வச்சவன் யாரோ, நோட்டீஸ் மட்டும் நம்ம மோட்டார் கொட்டகைச் சுவரில் ஒட்டப்படுது. "எனக்கு அந்தக் கம்பெனி எந்தத் தெருவில் இருக்குன்னே தெரியாதே" என்கிறார் விவசாயி. "உங்க பவர் ஏஜெண்டு கையெழுத்துப் போட்டிருக்காரே" என்கிறான் கம்பெனிக்காரன்.

இந்தப் பவர் பத்திரம் என்றால் என்ன, அதை வைத்து எவனோ செய்த அடமானத்தை நீதிமன்றத்தில் எப்படி எதிர்ப்பது, எங்கே தோற்போம், எங்கே ஜெயிப்போம் என்று பேசத்தான் இந்தக் கூட்டம்.

நமக்கு நடந்தது

முதலில் நம்ம கதையையே சொல்லிவிடுகிறோம். பாதிக்கப்பட்டவர் இந்தக் கூட்டத்தில்தான் உட்கார்ந்திருக்கிறார். பெயர் வேண்டாம். அவருக்கு ஒன்றே முக்கால் ஏக்கர், ஒரு கிணறு. அப்பா பெயரில் இருந்த பட்டாவை மாற்ற வட்டாட்சியர் அலுவலகத்துக்கு நடையாய் நடந்தார். ஒரு புரோக்கர் வந்தார். "ஏண்ணே வெயில்ல அலையறீங்க? ஒரு பவர் எழுதிக் குடுங்க, எல்லாத்தையும் நானே பாத்துக்கறேன்" என்றார். 2014இல் சார்பதிவாளர் அலுவலகத்தில் பவர் பதிவானது. சர்வேயரிடம் காட்டணும் என்று சொல்லி மூலப்பத்திரத்தையும் வாங்கிக்கொண்டு போனார்.

ஐந்து வருஷம் கழித்து நோட்டீஸ் வந்தது. புரோக்கரின் உறவுக்காரர் தொழிலுக்கு ஒரு நிதி நிறுவனம் கடன் கொடுத்திருக்கிறது. அந்தக் கடனுக்கு ஈடு நம்மவருடைய ஒன்றே முக்கால் ஏக்கர்! பவர் பத்திரத்தை எடுத்துப் படித்தால் பட்டா மாற்ற, மின் இணைப்பு பெற, அளவை செய்ய என்று வரிசையாகப் போய், நடுவில் ஒரு வரி: "எந்த வங்கியிலும் நிதி நிறுவனத்திலும் அடமானம் வைக்கவும்."

அந்தப் பத்திரத்தில் இரண்டு சாட்சிகள். அதில் ஒரு சாட்சி நாம்தான். ஆமாம், சங்கச் செயலாளர்தான். "ஒரு கையெழுத்துண்ணே" என்றார்கள், போட்டோம். படிக்கவில்லை. பத்தாம் வகுப்பு வரை படித்தவர்கள், நாலு பேருக்கு மனு எழுதிக் கொடுக்கிறவர்கள், நாமே படிக்கவில்லை. பின்னால் நம்மைக் கூண்டில் ஏற்றி நிறுவனத்தின் வக்கீல் கேட்டார்: "இது உங்கள் கையெழுத்துதானே? படித்துவிட்டுத்தானே போட்டீர்கள்?" படிக்கவில்லை என்று உண்மையைச் சொன்னோம். சொல்லும்போது நம்மவர் முகத்தை நம்மால் பார்க்க முடியவில்லை. இந்தக் கூட்டத்தைப் போடுவதற்கு அதுவும் ஒரு காரணம்.

பவர் என்றால் என்ன?

நமக்குப் பதிலாக இன்னொருவர் கையெழுத்துப் போடலாம் என்று நாம் கொடுக்கும் அனுமதிதான் பவர். அதற்கு 1882இல் போட்ட சட்டமே இருக்கிறது. பவர் வாங்கியவர் நிலத்துக்குச் சொந்தக்காரர் ஆகமாட்டார். வண்டியை ஓட்டக் கொடுத்தால் டிரைவர் ஓனர் ஆகிவிடுவாரா? உச்சநீதிமன்றம் 2011இல் தெளிவாகச் சொல்லிவிட்டது: பவரை வைத்து மட்டும் நிலம் கைமாறாது, பதிவு செய்த கிரையப் பத்திரம் வேண்டும். "பவரில் வாங்கிட்டேன், என் சொத்து" என்று சொல்லி ஒருவன் அடமானம் வைத்தால் அவன் ஓனர் இல்லை என்று நாம் கேட்க இந்தத் தீர்ப்பு உதவும்.

நிலம் சம்பந்தமான பவரைக் கட்டாயம் பதிவு செய்யவேண்டும் என்று தமிழ்நாட்டில் 2012இல் பதிவுச் சட்டத்தைத் திருத்தினார்கள். அதற்கு முன்னால் நோட்டரியிடம் ஒரு முத்திரை குத்தி எத்தனையோ பவர்கள் உலாவின. பழைய பவர் ஏதாவது உங்கள் வீட்டிலிருந்து போயிருந்தால் இன்றைக்கே ஞாபகப்படுத்திப் பாருங்கள்.

அடமானத்திலும் இரண்டு வகை இருக்கிறது. ஒன்று, பத்திரம் எழுதி, இரண்டு சாட்சி வைத்துப் பதிவு செய்வது. இன்னொன்று, அரசு அறிவித்த ஊர்களில் மூலப்பத்திரத்தைக் கடன் கொடுப்பவரிடம் ஒப்படைத்தாலே அடமானம் ஆகிவிடும். இதில்தான் ஆபத்து அதிகம். அந்த ஒப்படைப்புக்கு ஒப்பந்தம் எழுதினால் அதையும் பதிவு செய்யவேண்டும் என்று அதே 2012 திருத்தம் சொல்கிறது. ஆனால் எதுவும் எழுதாமல் பத்திரத்தை மட்டும் கொடுத்தால் வில்லங்கச் சான்றில் ஒன்றும் தெரியாது. அதனால்தான் சொல்கிறோம், மூலப்பத்திரம் வீட்டை விட்டு வெளியே போகக்கூடாது. ஜெராக்ஸ் போதும் என்கிற இடத்துக்கு ஜெராக்ஸ் கொடுங்கள்.

நம்ம வழக்கு எந்த வகை?

வக்கீலிடம் போகும் முன்னால் நமக்கே இது தெளிவாக இருக்கவேண்டும். மூன்று வகை.

முதல் வகை: "நான் பவரே கொடுக்கலை." ஆள்மாறாட்டம், போலிக் கையெழுத்து. வேறொருத்தியை நம்ம ஆத்தா என்று காட்டிப் பதிவு செய்திருப்பான். இப்படிப்பட்ட பவர் ஆரம்பத்திலிருந்தே செல்லாது. அதன்மேல் வைத்த அடமானமும் நிற்காது. நிறுவனம் நல்ல எண்ணத்தில் கடன் கொடுத்ததா இல்லையா என்பது இங்கே பேச்சே இல்லை. இல்லாத அதிகாரத்தை யாரும் கொடுக்க முடியாது. கையெழுத்து நம்முடையது இல்லாதபோது, அந்தப் பத்திரம் நம்மைக் கட்டுப்படுத்தாது என்று விளம்புகை கேட்டு வழக்குப் போடவேண்டும்.

இரண்டாம் வகை: "கொடுத்தேன், ஆனால் இதுக்குக் கொடுக்கலை." இதுதான் அதிகம். இங்கே பத்திரத்தின் ஒவ்வொரு வரியும் பேசும். பவர் பத்திரத்தில் எழுதாத அதிகாரத்தை இருப்பதாக ஊகித்துக்கொள்ளக்கூடாது என்பது பழைய சட்டக் கொள்கை. 2012இல் தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கிலும் உச்சநீதிமன்றம் இதைத்தான் சொன்னது: பவரைக் கறாராகப் படிக்கவேண்டும், விற்கும் அதிகாரம் வெளிப்படையாக எழுதியிருந்தால்தான் உண்டு. ஆக, "நிலத்தைப் பராமரிக்க" என்று எழுதிய பவரை வைத்துக்கொண்டு அடமானம் வைக்க முடியாது.

ஆனால் நம்மவர் பத்திரத்தைப் போல அடமான அதிகாரம் தெளிவாக எழுதியிருந்தால்? அப்போது கஷ்டம்தான். பொய் நம்பிக்கை கொடுக்க நாம் விரும்பவில்லை. கையெழுத்து நம்முடையது, வரி அங்கே இருக்கிறது. "படிக்காமல் போட்டேன்" என்று சொன்னால் மட்டும் நீதிமன்றம் விட்டுவிடாது. ஏமாற்றிக் கையெழுத்து வாங்கினார்கள் என்று நிரூபிக்கவேண்டும். 1968இல் உச்சநீதிமன்றம் ஒரு வித்தியாசம் சொன்னது. இது என்ன மாதிரிப் பத்திரம் என்பதிலேயே ஏமாற்றியிருந்தால், அதாவது பட்டா மனு என்று சொல்லிப் பவரில் கையெழுத்து வாங்கியிருந்தால், அது அடியோடு செல்லாது. பத்திரம் என்ன வகை என்று தெரியும், உள்ளே இருக்கும் சங்கதியில் ஏமாற்றியிருந்தால், நாம் வழக்குப் போட்டு ரத்து செய்யும்வரை அது செல்லும். இந்த இரண்டாவது சங்கதியில் காலம் ரொம்ப முக்கியம். ரத்து கேட்க, விஷயம் தெரிந்ததிலிருந்து மூன்று வருஷம்தான். "பதிவான பத்திரம் உனக்குத் தெரியாதா?" என்று எதிர்த்தரப்பு கேட்கும். எப்போது, எப்படித் தெரிய வந்தது என்று தேதியோடு சொல்ல நாம் தயாராக இருக்கவேண்டும்.

இன்னொன்று. மோசடி மோசடி என்று மனுவில் பத்து இடத்தில் எழுதினால் போதாது. யார் சொன்னது, என்ன சொன்னது, எந்தத் தேதி, எந்த இடம் என்று விவரமாக எழுதவேண்டும் என்று சிவில் நடைமுறைச் சட்டமே கேட்கிறது. வக்கீலுக்கு அந்த விவரத்தை நாம்தான் கொடுக்கவேண்டும்.

மூன்றாம் வகை: "கொடுத்தேன், ஆனால் அது அப்பவே முடிஞ்சு போச்சு." பவர் கொடுத்தவர் இறந்துவிட்டால் பவரும் பொதுவாக முடிந்துவிடும். அப்பா இறந்த பிறகு அவர் கொடுத்த பவரை வைத்து அடமானம் வைத்திருந்தால், இறப்புச் சான்றுதான் நம்ம முதல் ஆயுதம். உயிரோடு இருக்கும்போதே ரத்து செய்யலாம். ஆனால் ரத்துப் பத்திரத்தை எழுதிப் பெட்டியில் பூட்டி வைத்தால் பிரயோஜனம் இல்லை. மற்றவர்களுக்குத் தெரிந்தால்தான் அவர்கள்மேல் அது செல்லும் என்று ஒப்பந்தச் சட்டம் சொல்கிறது. அதனால் ரத்துப் பத்திரத்தைப் பதிவு செய்து, ஏஜெண்டுக்கும் தெரிந்த வங்கி, நிதி நிறுவனங்களுக்கும் ஒப்புகை அட்டையோடு பதிவுத் தபாலில் அனுப்புங்கள். ஏஜெண்டு பணம் போட்டு, அந்தச் சொத்தில் அவருக்கும் ஒரு பாத்தியம் இருக்கும்படி எழுதிய பவரானால், நம் இஷ்டத்துக்கு ரத்து செய்வது சிக்கல். அதை வக்கீலிடம் காட்டித்தான் செய்யவேண்டும்.

நோட்டீஸ் வந்துவிட்டால்

வங்கிகளும் பெரிய நிதி நிறுவனங்களும் கையில் எடுக்கிற ஆயுதம் 2002ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டம். கோர்ட்டுக்குப் போகாமலே சொத்தை எடுத்து ஏலம் விடுகிற சட்டம். முதலில் அறுபது நாள் நோட்டீஸ் வரும். அதைக் கிழித்துப் போடாதீர்கள்! உறையையும் சேர்த்து வையுங்கள், வந்த தேதியை எழுதி வையுங்கள். அந்த அறுபது நாளுக்குள் எழுத்தில் ஆட்சேபம் கொடுங்கள். நம்ம ஆட்சேபத்துக்கு அவர்கள் பதினைந்து நாளில் பதில் தந்தாகவேண்டும்.

அதில் சொல்லவேண்டிய முதல் விஷயம் எது தெரியுமா? இது விவசாய நிலம்! சர்ஃபாசி சட்டத்தின் 31ஆம் பிரிவு, விவசாய நிலத்தின் மேலான அடமானத்துக்கு இந்தச் சட்டம் பொருந்தாது என்கிறது. இது நமக்குப் பெரிய கேடயம். ஆனால் கேடயத்தை நாம்தான் தூக்கிப் பிடிக்கவேண்டும். பட்டாவில் நன்செய், புன்செய் என்று இருந்தால் மட்டும் போதாது, உண்மையில் விவசாயம் நடக்கிறதா என்று பார்க்கவேண்டும் என்று உச்சநீதிமன்றம் 2018இல் சொன்னது. அதை நிரூபிக்கும் பொறுப்பு கடன்காரர் பக்கம்தான் என்று 2023இல் சொன்னது. நம்மவர் வழக்கில் என்ன செய்திருந்தார்கள்? கடலை நின்ற காட்டை மதிப்பீட்டு அறிக்கையில் வீட்டுமனை என்று எழுதியிருந்தார்கள்! அடங்கல், உர ரசீது, விளைச்சல் விற்ற சீட்டு, பயிரோடு எடுத்த படம் எல்லாவற்றையும் வைத்துத்தான் எதிர்த்தோம். அதனால் வருஷா வருஷம் கிராம நிர்வாக அலுவலரிடம் அடங்கலில் பயிரைப் பதிய வையுங்கள். தரிசாகப் போட்ட காடு கோர்ட்டில் நமக்காகப் பேசாது.

கேடயம் இருக்கிறது என்பதற்காகக் கடனே இல்லை என்று ஆகாது. சர்ஃபாசி இல்லாவிட்டால் வழக்குப் போட்டு வசூலிக்க அவர்களுக்கு வழி இருக்கிறது. பவரே செல்லாது என்கிற வழக்கையும் நாம் நடத்தித்தான் ஆகவேண்டும்.

சுவாதீன நோட்டீஸ் ஒட்டிவிட்டால் நாற்பத்தைந்து நாளுக்குள் கடன் வசூல் தீர்ப்பாயத்துக்குப் போகவேண்டும். சென்னை, கோவை, மதுரையில் இருக்கிறது. கடன் வாங்கினவர்தான் போகலாம் என்றில்லை. பாதிக்கப்பட்ட எவரும் போகலாம்.

"சர்ஃபாசி வந்துவிட்டால் சிவில் கோர்ட்டுக்கே போகமுடியாது" என்று சில பேர் பயமுறுத்துவார்கள். பாதி உண்மை. அந்தச் சட்டம் சிவில் கோர்ட்டுக்குத் தடை போடுகிறது. ஆனால் கடன் கொடுத்தவர் பக்கமே மோசடி இருந்தால் சிவில் கோர்ட் கதவு திறந்திருக்கும் என்று உச்சநீதிமன்றம் 2004லேயே சொன்னது. 2025 ஜனவரியில் இன்னும் தெளிவாக ஒரு தீர்ப்பு வந்தது. ஒரு பெண்மணியின் குடும்பச் சொத்தை மற்றவர்கள் விற்க, வாங்கியவர் வங்கியில் அடமானம் வைத்துவிட்டார். கிரையமும் அடமானமும் செல்லாது என்று அந்த அம்மா சிவில் வழக்குப் போட்டார். வங்கி தடை கேட்டது. சொத்து யாருடையது, பத்திரம் செல்லுமா என்பதைத் தீர்மானிப்பது சிவில் கோர்ட்டின் வேலை, தீர்ப்பாயத்தின் வேலை இல்லை என்று உச்சநீதிமன்றம் அந்த அம்மாவின் வழக்கை நடத்த அனுமதித்தது. நமக்கு இது பெரிய பலம்.

வழக்குப் போடும்போது பவர் ஏஜெண்டு, கடன் வாங்கியவர், கடன் கொடுத்த நிறுவனம் எல்லாரையும் பிரதிவாதியாகச் சேருங்கள். அடமானம் செல்லாது என்று மட்டும் கேட்டு, பவரைப் பற்றி எதுவும் கேட்காமல் விட்டால் ஓட்டைப் பானையில் தண்ணீர் எடுத்த கதையாகிவிடும். இடைக்காலத் தடையும் கேளுங்கள். வழக்கு நடக்கும்போது நிலம் கை மாறினாலும் வாங்குகிறவர் வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டவர்தான் என்று சொத்து மாற்றுச் சட்டத்தின் 52ஆம் பிரிவு சொல்கிறது.

போலீசுக்குப் போனால் முழுசாகப் போங்கள்

ஆள்மாறாட்டம் என்றால் மாவட்டக் குற்றப்பிரிவில் புகார் கொடுக்கவேண்டும். அதோடு வீட்டுக்குப் போய்விடாதீர்கள். 2018இல் உச்சநீதிமன்றத்தில் முடிந்த தமிழ்நாட்டு வழக்கு ஒன்று, கேட்டால் வயிறு எரியும். சொத்துக்காரப் பெண்மணியாக வேறு ஒருத்தியை நிறுத்திப் பவர் எழுதி, அதை வைத்து அடமானப் பத்திரமும் எழுதிவிட்டார்கள். கீழ்க் கோர்ட்டில் தண்டனை. ஆனால் மதுரையில் உயர்நீதிமன்றம் விடுதலை செய்தது, உச்சநீதிமன்றமும் அதை உறுதி செய்தது. ஏன்? பொய்ப் பத்திரத்தை உருவாக்கிய ஆள், அந்த வேஷம் போட்டவள், கண்டுபிடிக்கப்படவே இல்லை. விசாரணை அவ்வளவு மட்டம் என்று உச்சநீதிமன்றமே வருத்தப்பட்டது. பொய்ப் பத்திரத்தால் லாபம் அடைந்தவனை எல்லாம் பொய்ப் பத்திரம் உருவாக்கியவன் என்று தண்டிக்கமுடியாது என்று சட்டம் பேசிவிட்டது.

பாடம் என்ன? பதிவு அலுவலகத்தில் கைரேகை இருக்கிறது. அதை நம்ம கைரேகையோடு ஒப்பிடவேண்டும், அடையாளம் காட்டிய சாட்சிகளை விசாரிக்கவேண்டும், நின்றவள் யார் என்று பிடிக்கவேண்டும் என்று புகாரிலேயே எழுதிக் கேளுங்கள். கையெழுத்தை மாற்றலாம், கட்டைவிரல் பொய் சொல்லாது. கிரிமினல் வழக்கு ஒருபுறம் நடந்தாலும் சிவில் வழக்கை நிறுத்தாதீர்கள். ஆள் ஜெயிலுக்குப் போனாலும் அடமானம் தானாகக் கழன்று போகாது.

போலிப் பத்திரத்தை மாவட்டப் பதிவாளரே ரத்து செய்யலாம் என்று தமிழ்நாட்டில் 2022இல் ஒரு பிரிவு கொண்டு வந்தார்கள். 2024இல் சென்னை உயர்நீதிமன்றம் அதைச் செல்லாது என்று சொன்னது. ஆகையால் அதை மட்டும் நம்பிக் காலத்தைப் போக்காதீர்கள்.

செலவுக்கு எங்கே போவது என்று கேட்பீர்கள். பெண்களுக்கும் தாழ்த்தப்பட்ட, பழங்குடி மக்களுக்கும் வருமானம் எவ்வளவு என்று பார்க்காமலே இலவச வக்கீல் தரவேண்டும் என்று 1987ஆம் ஆண்டுச் சட்டம் இருக்கிறது. வட்ட சட்டப் பணிகள் குழு நம்ம கோர்ட்டு வளாகத்திலேயே இருக்கிறது. 15100 என்ற எண்ணுக்குப் போன் செய்தும் கேட்கலாம்.

நம்ம நிலைமை

நம்மவர் வழக்கு இன்னும் முடியவில்லை. தீர்ப்பாயத்தில் விவசாய நிலம் என்ற காரணத்தில் தடை வாங்கியிருக்கிறோம். சிவில் வழக்கு சாட்சி விசாரணையில் நிற்கிறது. ஜெயிப்போம் என்று சத்தியம் செய்ய முடியாது, பத்திரத்தில் அந்த வரி இருக்கிறது. ஆனால் இன்றைக்கும் அந்தக் காட்டில் அவர்தான் ஏர் பூட்டுகிறார். அன்றைக்கு நோட்டீஸைக் கிழித்துப் போட்டிருந்தால் இன்றைக்கு வேறொருவன் கம்பிவேலி போட்டிருப்பான்.

இது ஒருத்தர் பிரச்சினை என்று இருந்துவிடாதீர்கள். பட்டா மாற்ற மாசக் கணக்கில் அலைய விடுகிற அலுவலகம் இருக்கிறவரை புரோக்கர் இருப்பான். புரோக்கர் இருக்கிறவரை பவர் இருக்கும். நிலத்தையே பார்க்காமல் கடன் கொடுக்கிற நிறுவனம் இருக்கிறவரை அந்தப் பவர் அடமானம் ஆகும். எனவே நாம் கேட்கிறோம்:

1. பவர் பதிவின்போது ஒவ்வொரு அதிகாரத்தையும் சார்பதிவாளர் தமிழில் வாய்விட்டுப் படித்துக் காட்டவேண்டும். விற்க, அடமானம் வைக்க என்ற வரிகளுக்குத் தனிக் கையெழுத்து வாங்கவேண்டும்.

2. பவரை வைத்து அடமானம் வாங்கும் வங்கியும் நிதி நிறுவனமும் நிலச் சொந்தக்காரரை நேரில் பார்த்து எழுத்தில் சம்மதம் பெறவேண்டும்.

3. நிலத்தின்மேல் அடமானம் பதிவானால் பட்டாதாரருக்குப் பதிவுத் தபாலில் அறிவிப்பு அனுப்பவேண்டும்.

4. சுவாதீனம் எடுக்க உதவி கேட்டு மாவட்ட ஆட்சியரிடம் மனு வந்தால், அது விவசாய நிலமா என்று கிராம நிர்வாக அலுவலரை அனுப்பி நேரில் பார்த்த பிறகே உத்தரவு போடவேண்டும்.

5. பட்டா மாறுதல் மனுக்களைக் கெடு வைத்து முடிக்கவேண்டும். பிர்க்காவுக்கு ஒரு சட்ட உதவி முகாம் நடத்தவேண்டும்.

வரும் திங்கட்கிழமை மாவட்ட ஆட்சியர் அலுவலகக் குறைதீர் நாளில் இந்தக் கோரிக்கைகளோடு எல்லோரும் சேர்ந்து மனு கொடுக்கிறோம். வரும்போது உங்கள் நில வில்லங்கச் சான்றின் நகலோடு வாருங்கள். பதிவுத்துறை இணையதளத்தில் கட்டணம் இல்லாமல் பார்க்கலாம், பிள்ளைகளிடம் சொன்னால் எடுத்துக் கொடுப்பார்கள். வீட்டுக்கு வீடு பார்த்தால்தான் இன்னும் எத்தனை பேர் நிலம் நமக்குத் தெரியாமல் எங்கே கிடக்கிறது என்று தெரியும்.

இனி சங்கத்தில் ஒரு முடிவு செய்திருக்கிறோம். எந்த விவசாயி பவர் எழுதுவதாக இருந்தாலும் பதிவுக்கு முன்னால் சங்கத்துக்குக் கொண்டு வாருங்கள். வரிக்கு வரி படித்துச் சொல்கிறோம். படிக்காமல் சாட்சிக் கையெழுத்துப் போடுவதில்லை என்று முதல் ஆளாக நாமே உறுதி எடுக்கிறோம். நீங்களும் எடுங்கள்.

படிக்காமல் கையெழுத்துப் போடமாட்டோம்!
மூலப்பத்திரத்தைக் கைவிடமாட்டோம்!
உழுதவன் நிலத்தை ஊரான் கடனுக்கு ஏலம் விட அனுமதிக்கமாட்டோம்!
ஒன்றுபடுவோம்! போராடுவோம்! வெற்றி பெறுவோம்!